பெயர் சொல்லாத ஜெபம்

நம் இறையியல் கல்லூரியில் புதிய ஆசிரியர்களாகச் சேர்ந்திருக்கும் உங்களுக்காக என் அனுபவத்திலிருந்து ஏதாவது எழுதித் தரும்படி முதல்வர் கேட்டார். "கொஞ்சம் உற்சாகமா இருக்கட்டும் மேடம்" என்றும் சொல்லி வைத்தார். உற்சாகமான கதைகள் என்னிடம் இல்லாமல் இல்லை. கிறிஸ்துமஸ் கீதப் பவனிக்குப் போன வண்டி கேம்ப் ரோட்டில் பழுதாகி, மாணவர்கள் தேவதூதர் அங்கியோடு அதைத் தள்ளிக்கொண்டு வந்த கதையை மதியச் சாப்பாட்டில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். நான் எழுதப்போவது அந்த மாதிரியானதல்ல. படித்துவிட்டு உங்களுக்கு ஒரு வேளை சாப்பாடு இறங்காமல் போனால், எழுதியது வீண் போகவில்லை என்று நினைத்துக்கொள்வேன்.

நம் கல்லூரியைப் பற்றி வெளியே சொன்னால், "தாம்பரத்தில் அப்படி ஒன்று இருக்கிறதா?" என்றுதான் கேட்பார்கள். அவ்வளவு சின்ன இடம். ஒரு சிற்றாலயம், சில வகுப்பறைகள், ஒரு விடுதி, மழைக்காலத்தில் செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு நடக்க வேண்டிய முன்வாசல். விமானப்படைப் பயிற்சி விமானம் தலைக்கு மேல் போனால் பிரசங்கம் நின்றுபோய், சத்தம் ஓய்ந்ததும் தொடரும். சில பிரசங்கங்களின்போது அந்த விமானம் வராதா என்று நாங்கள் ஏங்கியதும் உண்டு. இங்கே படித்துவிட்டுப் போகிறவர்கள் மெதடிஸ்ட் சபைகளில் போதகர்கள் ஆகிறார்கள். டாக்டரிடம் உடம்பைக் காட்டுகிற மாதிரி, ஜனங்கள் இவர்களிடம் தங்கள் குடும்பத்தைத் திறந்து காட்டுவார்கள்.

நான் களப்பணிக்குப் பொறுப்பாக இருந்தேன். சனி, ஞாயிறுகளில் மாணவர்களைச் சுற்றுவட்டாரச் சபைகளுக்கு அனுப்ப வேண்டும். அவர்கள் வீடு சந்திப்பதையும் ஆராதனை நடத்துவதையும் நேரில் போய்ப் பார்க்க வேண்டும். கடைசி வருடத்தில், இவர் கையில் ஒரு சபையைக் கொடுக்கலாமா என்று ஆசிரியர் கூட்டத்தில் சொல்ல வேண்டும். உங்களில் ஒருவருக்கு இந்த வேலை வரப்போகிறது. எனவே இனி கொஞ்சம் கவனமாகப் படியுங்கள்.

வெளியாருக்குச் சிரிப்பு வரலாம், ஆனால் நம் கல்லூரியில் ஜெபத்துக்கு மதிப்பெண் உண்டு. காலை ஆராதனையில் ஒரு மாணவர் எழுந்து ஜெபிப்பார். பிறகு வகுப்பில் அதைப் பிரித்து மேய்வார்கள். அப்போது எங்களோடு இருந்த வழிபாட்டு ஆசிரியர் நல்ல மனிதர், நன்றாகவும் கற்றுக்கொடுப்பார். பொத்தாம்பொதுவாக ஜெபித்தால் அவருக்குப் பிடிக்காது. "உலகில் துன்பப்படும் அனைவருக்காகவும்" என்று யாராவது ஆரம்பித்தால், "யாருப்பா அந்த அனைவரும்? எனக்கு ஒரு முகமும் தெரியலையே" என்பார். ஜனங்களுடைய பாடுகளைக் கண்முன் நிறுத்திக் காட்ட வேண்டும், ஆனால் யாருடைய பெயரையும் சபையில் சொல்லக் கூடாது. இதுதான் அவர் போட்ட விதி, கல்லூரியின் விதியும் அதுவே ஆகிவிட்டது.

அந்த விதியை அட்சரம் பிசகாமல் கடைப்பிடித்தவன் பிரின்ஸ். பல்லாவரத்துப் பையன். அப்பா ஆட்டோ ஓட்டுகிறவர். பேசும்போது "இன்னா மேடம், காலைலேர்ந்து ஒண்ணுமே துன்னலியா?" என்பான். கண்ணை மூடிவிட்டால் "தேவரீர்", "அடியேங்கள்" என்று வேறொரு தமிழ் வாயில் வந்து கொட்டும். அவன் ஜெபித்தால் ஜனங்கள் அழுவார்கள். விடுதிச் சமையல்காரர் அடுப்பை அணைத்துவிட்டு வந்து நின்று கேட்பார். ஜெபத்தில் அவனைவிட அதிக மதிப்பெண் எடுத்தவரை நான் பார்த்ததில்லை. அவனிடம் கள்ளம் கிடையாது, அதையும் சொல்லிவிடுகிறேன். பிறர் கஷ்டத்தைக் கேட்டால் அவனுக்கு நிஜமாகவே நெஞ்சு அடைக்கும்.

கடைசி வருடத்தில் அவனைப் பீர்க்கன்கரணையில் ஒரு சிறிய சபைக்கு அனுப்பியிருந்தேன். ஏரிக்குப் பின்னால் ஒரு தெருவில் ஆஸ்பெஸ்டாஸ் கூரை போட்ட ஆலயம். பக்கத்தில் ஞாயிறுப் பள்ளிக்கு ஒரு கொட்டகை. எல்லாருக்கும் எல்லாரையும் தெரியும், யார் வீட்டில் புது ஃப்ரிட்ஜ் வாங்கினார்கள் என்பது வரைக்கும் தெரியும். அங்கே செயலாளராக இருந்தவர் எட்வின். ஒரகடம் பக்கம் ஒரு கம்பெனியில் சூப்பர்வைசர். தெருவுக்குள் வெள்ளம் வந்த வருடம் வயதானவர்களை முதுகில் சுமந்து மேடேற்றியவர் என்று சபையே அவரைக் கொண்டாடும். அவர் மனைவி நிர்மலா, பெருங்களத்தூரில் ஒரு நர்சரி பள்ளி ஆசிரியை. ஒரே மகள் ஷைனி, அப்போது ஐந்தாம் வகுப்பு.

இனி சொல்வது எனக்குப் பிறகுதான் தெரிந்தது. உங்களுக்கு முன்னாலேயே சொல்லிவிடுகிறேன், அப்போதுதான் அந்த ஞாயிறு புரியும். ஒரு சனிக்கிழமை ஆலயத்தைப் பெருக்க வந்த நிர்மலாவின் கையில் காயத்தைப் பார்த்துவிட்டு, என்ன ஆயிற்று என்று பிரின்ஸ் கேட்டிருக்கிறான். குக்கர் சுட்டுவிட்டது என்றாள். "அக்கா, குக்கர் சுட்டா இப்டி விரல் விரலா பதியாதுக்கா" என்றிருக்கிறான். அவள் அங்கேயே பெஞ்சில் உட்கார்ந்து எல்லாவற்றையும் சொல்லிவிட்டாள். கல்யாணமான நாளிலிருந்து அடி. பல்லைக் கடித்துக்கொண்டு இருந்தவள், சமீபத்தில் அவர் மகள்மேல் கையை ஓங்கியதைப் பார்த்த பிறகு முடிவெடுத்துவிட்டாள். கோயம்புத்தூரில் இருந்த அவளுடைய அக்கா, அங்கே ஒரு பள்ளியில் இவளுக்கு வேலை பார்த்து வைத்திருந்தாள். கோடை விடுமுறைக்கு அக்கா வீட்டுக்குப் போவதுபோல் ஷைனியோடு கிளம்பி, திரும்பாமலே இருந்துவிடுவது என்று திட்டம்.

"ஜெபம் பண்ணிக்கோங்க தம்பி. ஆனா யார்கிட்டயும் சொல்லிடாதீங்க" என்றாள். பிரின்ஸ் தலையசைத்தான். இந்த இரண்டு வேண்டுதலும் ஒன்றையொன்று இடிக்கும் என்று அவனுக்குத் தோன்றவே இல்லை. அவனைப் பொறுத்தவரை ஜெபம் என்பது கடவுளிடம் பேசுவது. அது யாரிடமும் சொல்வதில் சேராது. நம் தொழிலில் இருக்கிறவன் மட்டுமே இப்படியொரு தப்பைச் செய்ய முடியும். ஒரு வக்கீலோ நர்ஸோ செய்ய மாட்டார்கள், அவர்கள் வேலையில் கண்ணை மூடிக்கொண்டு சத்தமாகப் பேசும் வழக்கம் இல்லை.

பள்ளித் தேர்வுகள் முடியப்போகிற சமயம், ஒரு ஞாயிற்றுக்கிழமை அவன் ஆராதனை நடத்துவதைப் பார்க்கப் போயிருந்தேன். சபையின் போதகர் அன்று வேறொரு சபையில் இராப்போஜன ஆராதனைக்குப் போய்விட்டார். நான் கடைசி பெஞ்சில் உட்கார்ந்தேன். ஆண்கள் ஒரு பக்கம், பெண்கள் ஒரு பக்கம். மின்விசிறிகள் சத்தம்தான் போட்டன, காற்று வரவில்லை. பிரசங்கம் சுமாராகப் போனது. பிறகு அவன், பிறருக்காக வேண்டிக்கொள்ளும் மன்றாட்டு ஜெபத்துக்கு வந்தான். எல்லாரும் தலை குனிந்தார்கள்.

மதிப்பிடப் போகிறவர் ஜெபத்தின்போது கண்ணை மூடக் கூடாது என்பது என் கட்சி. பக்தி இல்லாதவள் என்று சிலர் முகம் சுளித்தாலும் நான் மூடியதில்லை. நீங்களும் மூடாதீர்கள். ஜெபிக்கிறவனைப் பார்ப்பதற்காக அல்ல, அவன் யாருக்காக ஜெபிக்கிறானோ அந்த ஜனங்களைப் பார்ப்பதற்காக.

"கண்ணீரைக் காண்கிற தேவனே" என்று அவன் குரல் தழுதழுத்தது. "எங்கள் நடுவிலே ஒரு சகோதரி இருக்கிறாளே. தன் சொந்த வீட்டிலே அடிபட்டு, காயத்தை மறைத்து, உமக்கு முன்பாக வந்து நிற்கிறாளே. பள்ளி விடுமுறையிலே தன் பெண்பிள்ளையின் கையைப் பிடித்துக்கொண்டு தூர தேசத்துக்குப் புறப்பட இருக்கிறாளே. உடன்பிறந்தவளின் வீட்டிலே அவளுக்கு ஒரு புது வாழ்வைக் கட்டளையிடும். தேவரீர், அவள் போகிற வழியைக் காத்தருளும்."

பெண்கள் பக்கம் நடுவில் ஒரு தலை சடாரென்று நிமிர்ந்தது. முப்பது, முப்பத்தைந்து வயதிருக்கும். பச்சைப் புடவை. அவள் பிரின்ஸை வெறித்துப் பார்த்தாள். அடுத்த விநாடி ஆண்கள் பக்கம் முதல் வரிசையில் இன்னொரு தலை நிமிர்ந்தது. அவர் பிரின்ஸைப் பார்க்கவில்லை. மெதுவாகத் திரும்பி, குனிந்த தலைகளுக்கு மேலாக அவளைப் பார்த்தார். அவளும் அவரைப் பார்த்தாள். சபை முழுவதும் கண்ணை மூடிக்கொண்டிருக்க, அந்த இரண்டு பேரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டிருந்ததை நான் ஒருத்திதான் கண்டேன். பெயர் தெரியாது, கதை தெரியாது, ஆனால் நடந்தது என்னவென்று புரிய வேறெதுவும் தேவைப்படவில்லை.

ஜெபம் முடிந்ததும் சபை உரக்க ஆமென் சொன்னது. சிலர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். காணிக்கைப் பாட்டைத் தொடங்கினார்கள். எல்லாரும் எழுந்து நின்ற அந்தக் குழப்பத்தில் நான் முன்னால் போய் அந்தப் பெண்ணின் பக்கத்தில் நின்றுகொண்டு, அவள் பாட்டுப் புத்தகத்தில் பாதியைப் பிடித்தேன்.

"நான் காலேஜ்லேர்ந்து வரேன். இந்தத் தம்பியோட டீச்சர். அது உங்களப் பத்திதானே?" என்று பாட்டுக்கிடையில் கேட்டேன்.

"தள்ளிப் போயிடுங்க மேடம். அவர் பாக்கறாரு."

"பொண்ணு எங்க?"

"சண்டே கிளாஸ்ல."

பாட்டு முடிந்தது. செயலாளர் அறிவிப்பு வாசிக்க மேடைக்கு வந்தார். அந்த முதல் வரிசை மனிதர்தான் எட்வின் என்று அப்போதுதான் எனக்குத் தெரிந்தது. குரலில் ஒரு பிசிறு இல்லை. புதன்கிழமை வீட்டுக்கூட்டம், பெண்கள் ஐக்கியம், யாருக்கோ திருமண வாழ்த்து. பிறகு சிரித்துக்கொண்டே, "லீவுல நம்ம வி.பி.எஸ். இருக்கு. பெற்றோர் யாரும் பிள்ளைங்கள ஊருக்கு கீருக்குக் கூட்டிட்டுப் போயிடாதீங்க. எங்க ஷைனி இந்த வருஷம் முன்னாடி நின்னு பாடப்போறா" என்றார். எல்லாரும் சிரித்தார்கள். வி.பி.எஸ். என்றால் பிள்ளைகளுக்கு விடுமுறையில் நடத்தும் வேதப் பள்ளி, உங்களுக்குத் தெரியும். பக்கத்தில் நின்ற நிர்மலா அதை அறிவிப்பாகக் கேட்கவில்லை. அவளுக்கு அது உத்தரவு.

அறிவிப்பு முடிந்து கடைசிப் பாட்டு தொடங்கியதும் எட்வின் பக்கவாட்டுக் கதவு வழியாக வெளியே போனார். மைக் பெட்டியைச் சரிபார்க்கப் போகிறார் என்றுதான் நினைத்தேன். இதுதான் சமயம் என்று தோன்றியது. யோசிக்க ஒரு பாட்டின் நேரம்தான் இருந்தது. ஆராதனை முடிந்துவிட்டால் அவர் பைக்கைக் கிளப்புவார், இவள் பின்னால் உட்கார்ந்து வீட்டுக்குப் போவாள், அதற்குமேல் நான் யார்?

"இப்பவே பொண்ணக் கூட்டிட்டு என்னோட வந்துடுங்க. காலேஜ்ல கெஸ்ட் ரூம் இருக்கு. ஆட்டோவுல பத்து நிமிஷம். மத்தத அப்புறம் பாத்துக்கலாம்."

"சர்ட்டிபிகேட்லாம் வீட்ல இருக்கு மேடம்."

"அப்புறம் எடுத்துக்கலாம்."

அவள் ஒரு வரி பாடினாள். நிஜமாகவே பாடினாள், குரல் வெளியே வந்தது. பிறகு புத்தகத்தை மூடிவிட்டு, "வாங்க" என்றாள்.

பின்வாசல் வழியாகக் கொட்டகைக்குப் போனோம். பிள்ளைகள் வட்டமாக உட்கார்ந்து படத்துக்கு வண்ணம் தீட்டிக்கொண்டிருந்தார்கள். ஷைனி இல்லை. ஞாயிறுப் பள்ளி டீச்சர் ஒரு கல்லூரிப் பெண். "இப்பதான் அங்கிள் வந்து கூட்டிட்டுப் போனாரு ஆன்ட்டி. படப்பைல பாட்டிக்கு சீரியஸாமே? நீங்க கெளம்பலையா?" என்று கேட்டாள். தெருமுனையில் ஒரு பைக் திரும்பும் சத்தம் கேட்டது. நிர்மலா ஓடவில்லை, கத்தவில்லை. குனிந்து, மகள் விட்டுப்போன வண்ணப் பென்சில்களை ஒவ்வொன்றாக டப்பாவில் அடுக்கினாள்.

ஆராதனை முடிந்து பிரின்ஸ் வாசலில் நின்று எல்லாருக்கும் கை கொடுத்துக்கொண்டிருந்தான். ஒரு முதியவர் அவன் கையை விடாமல் ஜெபத்தைப் புகழ்ந்துகொண்டிருந்தார். எங்களைப் பார்த்ததும் அவன் முகம் மலர்ந்தபடியே கிட்டே வந்தான். நான் நடந்ததைச் சொன்னேன்.

"மேடம், நான் பேரே சொல்லல மேடம்" என்றான். திரும்பத் திரும்ப அதையே சொன்னான். "அக்கா, உன் பேரு நான் எடுக்கவே இல்லக்கா."

"பேர் சொல்லியிருந்தாகூடப் பரவால்ல தம்பி. எப்பன்னு சொல்லாம இருந்திருக்கலாம்" என்றாள் நிர்மலா. அவள் குரலில் கோபமே இல்லை. கோபப்பட்டிருந்தால் அவனுக்கு ஆறுதலாக இருந்திருக்கும்.

"நான் போய் எட்வின் அண்ணன் கையில பேசறேன் மேடம். கால்ல வுழுந்தாவது—"

"நீ வாயைத் திறந்தது போதும்" என்றேன். அவனிடம் அப்படிப் பேசியது அதுதான் முதல் தடவை.

மகளிர் காவல் நிலையத்துக்குப் போகலாம் என்று அவளைக் கூப்பிட்டேன். அவள் ஒப்பவில்லை. "அப்பா பொண்ண பாட்டி வீட்டுக்குக் கூட்டிட்டுப் போறது எந்த ஊர்ல மேடம் கேஸு? நான் கேஸ் போட்டா அவர் அவள எங்கயாவது கொண்டுபோய் வச்சிடுவாரு. என்னால பாக்கக்கூட முடியாது" என்றாள். சொல்லிக்கொண்டிருக்கும்போதே அவள் போன் அடித்தது. அவர்தான். நான் பக்கத்தில் நின்றதால் எனக்கும் கேட்டது. "ஷைனி இங்க ஜாலியா இருக்கா. நீ உங்க அக்கா வீட்டுக்குப் போறதுன்னா போயிட்டு வா. நான் ஒண்ணும் சொல்லல." அவ்வளவுதான் பேசினார். சத்தம் போட்டிருந்தால் நான் இவ்வளவு பயந்திருக்க மாட்டேன்.

அவளை வீட்டு வாசல் வரை கொண்டுபோய் விட்டேன். அதைத் தவிர அன்று என்னால் ஒன்றும் செய்ய முடியவில்லை.

ஜூன் மாதம் ஷைனியைப் படப்பையிலேயே ஒரு பள்ளியில் சேர்த்துவிட்டார். பாட்டி வீட்டில்தான் வாசம். ஞாயிற்றுக்கிழமைகளில் ஆராதனைக்கு அழைத்துவருவார், மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு கொண்டுபோய் விட்டுவிடுவார். அந்தச் சில மணி நேரத்துக்காக நிர்மலா கோயம்புத்தூரை மறந்தாள். சபையின் போதகரிடம் நானே போய் எல்லாவற்றையும் சொன்னேன். அவர் எட்வின் வீட்டுக்குப் போனார். காபி கொடுத்தார்களாம். வீடு நிம்மதியாக இருக்கிறது என்று எனக்கு வந்து சொன்னார். நான் அவரிடம் என்ன சொன்னேன் என்பதை அச்சில் போட முடியாது.

பிறகொரு நாள் தாம்பரம் ரயில் நிலையப் படிக்கட்டில் நிர்மலாவைப் பார்த்தேன். எப்படி இருக்கிறாய் என்று கேட்டேன். "அதுக்கப்புறம் அவர் என்னை அடிக்கல மேடம். அடிக்க வேண்டிய அவசியமே இல்லாமப் போச்சு" என்றாள். ஏதோ ரயில் வரவில்லை என்பதுபோல் சாதாரணமாகச் சொல்லிவிட்டுப் படியிறங்கிப் போனாள்.

ஆசிரியர் கூட்டத்தில் பிரின்ஸின் பெயர் வந்தபோது பெரிய வாக்குவாதம். அவன் விதியை மீறவில்லை என்றார்கள். ஜெபித்ததற்காக ஒருவனைத் தண்டிப்பது எந்த ஊர் நியாயம் என்றார் ஒருவர். வழிபாட்டு ஆசிரியர் மட்டும் தலையைக் குனிந்துகொண்டிருந்தார். நான் சொன்னது இது. அவனைத் தண்டிக்கச் சொல்லவில்லை. ஆனால் ஒருத்தி அவனிடம் ஒப்படைத்தது அவனுடையது அல்ல, அதைக் கடவுளிடம் சத்தமாகச் சொல்லவும் அவனுக்கு உரிமை கிடையாது. கடவுளுக்குக் காது மந்தமில்லை. இது அவன் எலும்பில் இறங்கும் வரை அவன் கையில் சபையைக் கொடுக்காதீர்கள். ஒரு வருடம் தள்ளிவைத்தார்கள்.

அந்த ஒரு வருடத்தில் அவன் அடிக்கடி என்னிடம் வந்து அழுதான். "அக்காவப் பாத்து மன்னிப்புக் கேக்கணும் மேடம். ராவெல்லாம் தூக்கம் வரமாட்டேங்குது, மனசே சரியில்ல" என்பான். போகக் கூடாது என்று தடுத்துவிட்டேன். உங்களிடமும் ஒரு மாணவர் ஒரு நாள் இப்படி வருவார். அப்போது யோசியுங்கள். அவன் போய்க் காலில் விழுந்தால் அவள் என்ன செய்வாள்? "பரவால்ல தம்பி" என்பாள். வேறென்ன சொல்ல முடியும்? ஏற்கெனவே தன் பாரத்தைத் தூக்க முடியாமல் இருக்கிறவள் தலையில் இவன் பாரத்தையும் ஏற்றிவிட்டு, இவன் மட்டும் நன்றாகத் தூங்குவான். அவனிடம் இதையே சொன்னேன். அன்றைக்கு என்மேல் கோபித்துக்கொண்டு போனான். இப்போது வடாற்காடு பக்கம் ஒரு சபையில் போதகராக இருக்கிறான். அவன் ஜெபம் ரொம்பச் சுருக்கமாக இருக்கிறது, பாஸ்டருக்கு ஆவியின் அபிஷேகம் பத்தவில்லை என்று சபையார் குறைப்படுவதாகக் கேள்வி. எனக்கு அது திருப்தியாக இருந்தது.

இதோடு நிறுத்தியிருந்தால் உங்களுக்கு ஏதோ ஒரு பாடமாவது கிடைத்திருக்கும். ஆனால் போன மாதம் சிட்லபாக்கத்தில் என் வீட்டுக்கு ஷைனி வந்தாள்.

வருவதற்கு முந்தின வாரம் நிர்மலாவே போன் செய்திருந்தாள். ஷைனி இப்போது கல்லூரியில் முதல் வருடம். இத்தனை வருடங்களாக அவள் அம்மாவோடு முகம் கொடுத்துப் பேசுவதில்லை. அம்மா தன்னை விட்டுவிட்டு ஓடிப்போகப் பார்த்தாள், அதனால்தான் அப்பா தன்னைப் பாட்டி வீட்டுக்குக் கொண்டுபோனார் என்றுதான் அவளுக்குச் சொல்லி வளர்த்திருக்கிறார்கள். "நான் சொன்னா நம்ப மாட்டேங்கறா மேடம். அன்னைக்கு நடந்தத நீங்க ஒருவாட்டி சொல்லுங்க. அப்புறம் அவ இஷ்டம்" என்றாள் நிர்மலா. அவள் என்னிடம் கேட்ட ஒரே உதவி அதுதான்.

வாசல் மணி அடித்தது. உயரமான பெண். அம்மாவின் முகம், அப்பாவின் நிதானம். உட்காரச் சொன்னேன், நாற்காலி நுனியில் உட்கார்ந்தாள். காபி வேண்டாம் என்றாள். "அம்மா அனுப்பினாங்க. என்ன சொல்லணுமோ சொல்லுங்க ஆன்ட்டி" என்றாள்.

நான் எல்லாவற்றையும் சொன்னேன். அம்மா கையிலிருந்த காயத்தை, கோயம்புத்தூர் வேலையை, அது உன்னையும் கூட்டிக்கொண்டு போவதற்கான திட்டம்தான் என்பதை. பிரின்ஸின் ஜெபத்தை நினைவில் இருந்தபடியே சொன்னேன். கொட்டகைக்கு நாங்கள் வந்து பார்த்தபோது நீ இல்லை என்றேன். அவள் குறுக்கே பேசவில்லை. அழுவாள் என்று எதிர்பார்த்தேன். அம்மாவைப் பற்றித்தான் ஏதாவது கேட்பாள் என்று நினைத்தேன்.

"இத மைக்லயா சொன்னாரு?" என்று கேட்டாள்.

"ஆமாம்மா."

"அப்ப சர்ச்ல எல்லாருக்கும் கேட்டுதா? அடி வாங்கறாங்கன்னு?"

"கேட்டுது."

"யாருன்னு தெரியாமயா இருந்திருக்கும்? அந்தச் சர்ச்ல?"

மணி ஆன்ட்டி, செல்வி ஆன்ட்டி, டேவிட் அங்கிள் என்று அன்று வந்திருக்கக்கூடியவர்களின் பெயர்களை அவள் முணுமுணுப்பதுபோல் சொல்லிக்கொண்டே போனாள். தனக்குப் பிறந்தநாள் கேக் கொண்டுவந்தவர்கள், அப்பாவுக்கு ஒவ்வொரு வருடமும் சபைக்கூட்டத்தில் சால்வை போட்டவர்கள். பிறகு தலையை நிமிர்த்தி என்னைப் பார்த்தாள்.

"எல்லாரும் ஆமென் சொன்னாங்களா ஆன்ட்டி?"

"சொன்னாங்கம்மா. சத்தமா சொன்னாங்க."

"அப்புறம்?"

நடந்ததைச் சொன்னேன்.

"அப்புறம் காணிக்கைப் பாட்டு பாடினோம்."